செசிலியா என்னும் பெயர்

குழந்தைகளுக்கு இடுதற்குரிய பெயர்களை அகர வரிசைப்படுத்தி, ஒவ்வொன்றற்கும் எதிரே ஒரு சொல்லிற் பொருள் எழுதிச் செல்லும் சிறு நூல்கள் ஐரோப்பிய மொழிகளிற் பல உள. அவற்றுள் 'செசிலியா' என்னும் பெண்பாற் பெயர்க்கு நேராகப் 'பார்வையற்றவள்' என்னும் பொருளே பெரும்பாலும் காணப்படும். முதுகலை வகுப்பில் அப்பெயர் தாங்கிய மாணவி ஒருவர் அத்தகைய நூலொன்றைக் கொணர்ந்து காட்டி, 'ஐயா, இது மெய்தானா? என் பெற்றோர் அறியாமல் இட்டுவிட்டனரா?' என்று வினவினார். சொற்பிறப்பு மெய், பொருள் பொய் என்று விடை கூறத் தோன்றியது. ஆயினும் சான்றுகளை ஒருங்கு தொகுத்துக் காட்டாது அங்ஙனம் கூறுதல் முறையன்று எனக் கருதி அன்று வாளா இருந்தேன். அவ்வினாவே இக்கட்டுரைக்குத் தோற்றுவாய்.

முதற்கண் ஒலிவடிவத்தைக் காண்பாம். இப்பெயரை இன்று ஆங்கிலேயர் ஒலிக்குமாறு பண்டை உரோமர் ஒலித்திலர். கி.மு. முதல் நூற்றாண்டின் உரோமக் கற்றோர் இதனைக் 'கைக்கிலியா' என்றே வழங்கினர். முதலில் நிற்பதும் இடையில் நிற்பதும் ககர ஒலியே. முதலெழுத்தின் உயிர் நம் ஐகாரத்தை ஒத்த கூட்டொலி. இதற்குக் கிரேக்கர் எழுத்தே தக்க சான்றாம். புளூட்டார்க்கு முதலிய கிரேக்க ஆசிரியர் இப்பெயரைத் தம் மொழியில் எழுதுங்கால், ககர ஒலிக்குரிய 'காப்பா' என்னும் எழுத்தையே ஈரிடத்தும் இட்டனர். சகர ஒலியேனும் ஸகர ஒலியேனும் அன்று கேட்கப்பட்டிருப்பின் அவர் அவ்வாறு எழுதார்.

ஐகாரம் எகாரமாகத் திரிதல் நாட்டுப்புறத்தார் நாவில் முன்னரே தொடங்கிவிட்டது. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த லூக்கிலியுஸ் என்னும் அங்கதப் புலவர், இக்குடியில் தோன்றிய ஒருவர் 'பிரைத்தோர்' என்னும் நடுவர் பதவி பெறுதலை எள்ளிப் பாடினார். பாடுங்கால் அவர் பெயரையும் பதவியின் பெயரையும் ஐகாரம் நீக்கி எகாரமிட்டு அமைத்து, அவர் நாட்டுப்புற நடுவர் ஆகிவிடாதிருப்பாராக என நகையாடினார். உரோமில் 'நகர நடுவர்' என்றே ஒரு பதவி இருந்தமையின் அந்நகை இரட்டுற மொழிதலாயிற்று. வார்ரோ தம் இலத்தீன் மொழி நூலில் அவ்வடியை எடுத்தாண்டமையால் அஃது இன்றும் நமக்குக் கிடைத்துளது. நகரத்தார் நகைத்த அந்த ஒலிப்பே சில நூற்றாண்டுகளில் எங்கும் பரவி நிலைபெற்றது. இழிவழக்கெனத் தள்ளப்பட்டது பின்னர்ச் செவ்வழக்காய் முடிதற்கு இதனினும் நல்ல எடுத்துக்காட்டுக் கிடைத்தல் அரிது.

எகாரமும் இகரமும் முன்னுயிர்கள் ஆதலின், அவற்றோடு சேர்ந்த ககரம் அண்ணச் சாயல் பெற்றுத் திரிந்தது. இத்திரிபு தமிழ் மாணாக்கர்க்குப் புதிதன்று. கன்னடத்திற் 'கிவி' என நிற்பது தமிழிற் 'செவி' ஆயிற்று; பழங்கன்னடத்திற் 'கெய்' தமிழிற் 'செய்'; ஆங்குக் 'கிறு' ஈங்குச் 'சிறு'. திராவிட மொழிகளில் நிகழ்ந்த இம்மாற்றத்தைப் பரோ 1943இல் விரிவாக ஆராய்ந்துள்ளார். கன்னடம் பழைய ககரத்தைக் காத்தமை போல, இலத்தீன் வழிவந்த மொழிகளுள் சார்தீனியத் தீவின் மொழி அதனைக் காத்துள்ளது. நூறு என்னும் எண்ணுப்பெயர் இத்தாலியத்திற் 'செந்தோ', சார்தீனியத்திற் 'கெந்து'. ஆகவே, 'கைக்கிலியா' இத்தாலியிற் 'செச்சீலியா' ஆதலும் 'கிவி' தமிழகத்திற் 'செவி' ஆதலும் ஒரே வாயுறுப்பின் ஒரே இயல்பால் நிகழ்ந்தன. ஒன்றிடமிருந்து மற்றொன்று கடன் கொண்டதன்று. இத்தாலியத்தில் அவ்வொலி 'பச்சை' என்னும் சொல்லின் இடையொலி போன்ற வல்லொலியாய் நின்றது. பிரெஞ்சில் அது மேலும் மெலிந்து ஸகரமாயிற்று. அவ்வழியே ஆங்கிலத்திற்கும் வந்தது.

இனிப் பகுதியை நோக்குவாம். 'கைக்குஸ்' என்னும் இலத்தீன் உரிச்சொல் பார்வையற்ற நிலையைக் குறிப்பது. இதன் இனச்சொற்கள் பிற மொழிகளிலும் உள. கோத்திய மொழியின் 'ஹைஹ்ஸ்' என்பதும் அதனோடு இனமான பழைய ஐரிசுச் சொல்லும் ஒற்றைக் கண்ணனைக் குறித்தன. வடமொழியின் 'கேகர' என்பதும் இவ்வினத்ததே என்பர். அது மாறுகண்ணைக் குறிக்கும். எனவே இவ்வேர்ச்சொல்லின் பழம்பொருள் கண்ணில் அமைந்த ஏதோ ஒரு குறை என்பதேயன்றி முழுக்குருடு என்பதன்று. முழுக்குருடு என்னும் பொருள் இலத்தீனில் வளர்ந்தது. 'வேர்ப்பொருளே மெய்ப்பொருள்' எனக் கொள்வார் தம் கொள்கையில் உறுதியாய் நிற்பராயின், செசிலியாவுக்கு 'ஒற்றைக்கண்ணி' என்றன்றோ பொருளெழுதல் வேண்டும்? அங்ஙனம் எழுதுவார் ஒருவரும் இலர். வேரைத் தேடிச் செல்வோர் தமக்கு வேண்டிய இடத்தில் நின்றுவிடுகின்றனர்.

இப்பகுதியிலிருந்து இலத்தீனில் வேறு சில பெயர்களும் பிறந்தன. மருத்துவர் பெருங்குடலின் தொடக்கத்தில் ஒருபுறம் வாயின்றி மூடிக்கிடக்கும் பையை இச்சொல்லாற் குறித்தனர். 'கைக்கிலியா' என்ற அதே வடிவம் கண் புலப்படாத பாம்பு போன்ற ஓர் உயிர்க்கும் பெயராய் வழங்கியது. உழவு நூலாசிரியர் கொலுமெல்லா அதனைக் கால்நடைக்குத் தீங்கிழைப்பதாகக் கூறுகின்றார். லின்னேயுஸ் 1758இல் வெளியிட்ட உயிரியற் பாகுபாட்டு நூலில் காலற்ற ஈரூடக உயிர்களின் பேரினம் ஒன்றற்கு இப்பெயரையே இட்டார். அக்குழுவைச் சேர்ந்த உயிர்கள் நம் மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரமண்ணுள்ளும் வாழ்கின்றன. அவற்றின் கண்கள் தோலால் மூடப்பட்டுக் கிடக்கும். மங்கையர் பெயரும் மண்ணுட் புழுப்போன்ற உயிரின் பெயரும் எழுத்தால் வேறுபாடின்றி நிற்கின்றன. ஆயினும் உயிரியின் பெயர் கண்ணின் குறை நோக்கி இடப்பட்டது. மங்கையரின் பெயர் அங்ஙனம் இடப்பட்டதன்று. இவ்வேறுபாடே இவ்வாராய்ச்சியின் உயிர்நிலை.

நன்னூலார் பெயரை இடுகுறி, காரணம் எனப் பகுத்தார். அப்பகுப்பு ஈண்டு மிகவும் பயன்படும். கி.மு. 312இல் உரோமிலிருந்து தென்திசை நோக்கி நெடுஞ்சாலை அமைத்த அப்பியுஸ் கிளாவுதியுஸ் என்பார் முதுமையிற் கண்ணொளி இழந்தார். அதனாற் 'கைக்குஸ்' என்னும் அடை அவர் பெயரொடு சேர்ந்தது. அஃது ஐயமறக் காரணப் பெயர். ஆனாற் 'கைக்கிலியுஸ்' என்பது தனியொருவர்க்கு அவர்தம் இயல்பு நோக்கி இட்டதன்று. ஒரு குடியின் பெயர். முன்னோன் ஒருவன் கண்குறை உடையனாயிருந்து அதனால் அப்பெயர் தோன்றியிருத்தல் கூடும். குடிப்பெயராய் ஆயினபின் அக்காரணம் மறைந்து இடுகுறியாய் நின்றது.

அக்குடியினர் தாமே இப்பெயர்க்கு என்ன காரணம் கூறினர் என்பதும் கருதத்தக்கது. பிரைநெஸ்தே என்னும் பழம்பதியை நிறுவிய கைக்குலுஸ் என்பான் தம் முன்னோன் என்று அவர் கூறிக்கொண்டதாக பெஸ்துஸின் சொற்பொருள் நூற்சுருக்கத்தால் அறிகிறோம். அடுப்பினின்று தெறித்த தீப்பொறியால் ஒரு மங்கை கருவுற்று அவனைப் பெற்றாள் என்றும், தீயின் அருகே கிடந்த குழவியை நீர்கொள்ளச் சென்ற மகளிர் கண்டெடுத்தனர் என்றும், புகையால் அவன் கண்கள் சிறுத்திருந்தமையின் அப்பெயர் பெற்றான் என்றும் வெர்ஜிலுக்கு உரைகண்ட செர்வியுஸ் எழுதுகின்றார். தீக்கடவுள் வுல்கானின் மகன் எனவே அவன் கருதப்பட்டான். குறையைக் கூறும் பெயரே கடவுள் வழித்தோன்றலுக்கு அடையாளமாய் மாற்றப்பட்டது காண்க. இனி, திரோய் நகரினின்று ஐனேயாஸொடு வந்த கைக்கஸ் என்பானே முன்னோன் என்பாரும் இருந்தனர். குடிப்பெருமை நாடுவார்க்குக் கதைகள் இரண்டிருப்பின் மிகையன்று போலும்.

இப்பெயர் இலத்தீன் வேரினதுதானா என்பதே வேறொரு வினா. வில்ஹெல்ம் சூல்சு 1904இல் வெளியிட்ட இலத்தீன் இயற்பெயர் வரலாற்று நூல், உரோமக் குடிப்பெயர் பலவற்றை எத்துருசுக மொழிப் பெயர்களோடு ஒப்பிட்டுக் காட்டியது. எத்துருசுக நகரமாகிய வொலாத்தெர்ரையில் 'கைக்கினா' என்னும் செல்வக்குடி ஒன்று இருந்தது. அதன் எத்துருசுக வடிவம் கல்வெட்டுக்களில் உளது. இவ்விரு பெயர்க்கும் உறவு உண்டாயின், 'கைக்குஸ்' என்னும் இலத்தீன் சொல்லோடு இப்பெயரை இணைத்தல் உரோமர் பிற்காலத்திற் செய்துகொண்ட பொருத்தமாகவும் இருக்கலாம். இலத்தீன் வேர் என்பதே பெரும்பான்மையோர் கொள்கை. யானும் அதனையே கொள்கிறேன். எனினும் சொற்களின் பொருட்காரணம் வெளிப்படத் தோன்றாது என்று தொல்காப்பியர் உரியியலிற் கூறிய எச்சரிக்கையை இவ்விடத்து நினைவு கூர்தல் நன்று.

ஆடவர்க்கு முற்பெயர், குடிப்பெயர், கிளைப்பெயர் என மூன்று பெயர்கள் அமைந்தன. மகளிர்க்கோ குடியாட்சியின் பிற்பகுதியில் தமக்கெனத் தனிப்பெயர் பெரும்பாலும் இல்லை. தந்தையின் குடிப்பெயரைப் பெண்பாலாக்கினால் அதுவே மகளின் பெயர். தூல்லியுஸ் குடியிற் பிறந்த சிசரோவின் மகள் தூல்லியா. அந்தோனியுஸின் பெண்மக்கள் இருவரும் அந்தோனியா. உடன்பிறந்தார் பலராயின் மூத்தவள், இளையவள், மூன்றாமவள் என அடைகொடுத்துப் பிரித்தனர். கைக்கிலியுஸ் குடியிற் பிறந்த மகளிர் அனைவரும் கைக்கிலியா என்றே பெயர் பெற்றனர். ஒரு பெண்ணைக் கைக்கிலியா என்று விளித்தபோது உரோமர் செவியில் விழுந்த பொருள் 'கைக்கிலியுஸ் குடியினள்' என்பது ஒன்றே. கண்ணைப் பற்றிய எண்ணம் அவ்விளியில் எழவில்லை. நம் புறநானூற்றிற் பாரி மகளிர் தம் பெயர் கூறப்பெறாது தந்தை பெயராலேயே குறிக்கப்பெறுதல் ஈண்டு ஒப்புநோக்கத் தக்கது. ஆயினும் அது பாட்டுத் தொகுத்தாரின் குறிப்பு, உரோமில் இது நாடறிந்த வழக்கம்.

இதன் பயனாய் வரலாற்று ஆசிரியர்க்கு நேரும் இடர்ப்பாடு சிறிதன்று. கைக்கிலியுஸ் குடியில் மெத்தெல்லுஸ் என்னும் கிளை மிகப் புகழ்பெற்றது. அக்கிளையில் தோன்றிய மகளிர் கைக்கிலியா மெத்தெல்லா எனப்பட்டனர். சர்வாதிகாரி சுல்லாவின் மனைவி அப்பெயரினர். கி.மு. 80இல் தந்தையைக் கொன்றான் எனப் பொய்க்குற்றம் சாட்டப்பட்ட செக்ஸ்துஸ் ரோஸ்கியுஸுக்கு அடைக்கலம் கொடுத்து, இளைஞரான சிசரோவின் வழக்குரையிற் பாராட்டப்பெற்ற அம்மையாரும் இப்பெயர்க் குடியினரே. அவர் பலேயாரிக்குஸ் என்னும் சிறப்புப்பெயர் கொண்ட மெத்தெல்லுஸின் மகள். அவ்வழக்கில் எதிர்ப்பக்கத்தில் மறைந்து நின்றவனோ சுல்லாவால் விடுவிக்கப்பட்ட அடிமை கிரிசோகொனுஸ். ஒரே பெயருடைய இருவர், ஒரே காலத்தில் எதிரெதிர் மனைகளில் வாழ்ந்தனர். தந்தை யார், கணவர் யார் என்று கேட்டே அவர்களை வேறுபடுத்தல் இயலும்.

இவ்வுண்மையைக் கல்லிற் காணவேண்டின் அப்பியுஸின் சாலையிற் செல்லல் வேண்டும். உரோமிலிருந்து ஏறத்தாழ மூன்றாம் கல் தொலைவில் வட்டமாய் உயர்ந்து நிற்கும் பெருங்கல்லறை ஒன்று உளது. எருத்தின் தலையோடுகளும் மலர்மாலைகளும் செதுக்கிய வரிசை அதன் மேற்புறத்தைச் சூழ்ந்துள்ளது. இடைக்காலத்தில் அதனைக் கோட்டையாக்கியோர் கட்டிய மதிற்பற்களும் உச்சியில் உள. அதன்கண் பதித்த சலவைக்கல்லில் மிகச் சில சொற்களே காணப்படும். அவற்றின் கருத்து, கிரேத்திக்குஸ் எனச் சிறப்புற்ற குவிந்துஸின் மகளும் கிராசுஸினுடையவருமாகிய கைக்கிலியா மெத்தெல்லாவுக்கு என்பதாம். 'மனைவி' என்னும் சொல்லே ஆங்கில்லை. உடைமைப் பொருளில் வந்த ஆறாம் வேற்றுமை மட்டும் நிற்கிறது. 'மகள்' என்பதும் ஓரெழுத்தாற் குறிக்கப்பட்டது. கைக்கிலியா என்பது தந்தையின் குடி, மெத்தெல்லா என்பது தந்தையின் கிளை, குவிந்துஸ் தந்தை, கிராசுஸ் கணவர். கல்லில் உள்ள பெயர் ஒவ்வொன்றும் ஓர் ஆடவரைச் சுட்டுவது. இத்துணைப் பெரிய கல்லறை கொண்ட அம்மையார் எத்தகையர், எவ்வாறு வாழ்ந்தார் என்பதற்கு ஒரு சொல்லும் இல்லை. ஆங்கிலக் கவிஞர் பைரன் 1818இல் வெளியிட்ட தம் பயணக் காப்பியத்தின் நான்காம் பகுதியில் இக்கல்லறை முன் நின்று, இவர் யார், இளமையில் மாய்ந்தாரா, முதுமையுற்று மாய்ந்தாரா என வினாக்களை அடுக்கிச் செல்கின்றார். அவ்வினாக்களுக்கு விடையில்லை. பெயரிடும் முறையே விடையை முன்கூட்டி அடைத்துவிட்டது.

குடிப்பெயர் உயர்குடியினர்க்கே உரியதாய் நின்றுவிடவில்லை. விடுதலை பெற்ற அடிமைகள் தம் தலைவரின் குடிப்பெயரை ஏற்றனர். அடிமையாய் உரோமுக்கு வந்து பின்னர்ப் புகழ்பெற்ற நகைச்சுவை நாடகப் புலவர் கைக்கிலியுஸ் ஸ்தாத்தியுஸ் அம்முறையிற் பெயர் பெற்றவரே. இம்மரபால், பேரரசுக் காலத்தில் கைக்கிலியா என்னும் பெயருடைய மகளிர் மாளிகையிலும் இருந்தனர். மாளிகைப் பணியினின்று விடுபட்டோரிடையிலும் இருந்தனர். மணமகள்தோறும் நினைக்கப்பட்ட பழங்கதை ஒன்றிலும் இப்பெயர் உண்டு. அரசன் தார்க்குவினியுஸின் மனைவி தனக்குவிலுக்குக் காயா கைக்கிலியா என்னும் பெயரும் உண்டென்றும், அவள் நூற்ற கம்பளியும் கதிரும் கோயிலொன்றிற் காக்கப்பட்டன என்றும் பிளினி கூறுகின்றார். நூல் நூற்றலில் வல்ல நல்லில்லாளின் பெயராய் அஃது அங்கு விளங்குகிறது. கண்குறையின் நிழலும் ஆங்கில்லை.

இடுகுறியாய்ப் பல நூற்றாண்டு கிடந்த இப்பெயர்க்கு மீண்டும் பொருள் வந்து சேர்ந்தது கிறித்தவ மறைச்சாட்சி ஒருவரால். கி.பி. ஐந்தாம் நூற்றாண்டில் எழுதப்பெற்ற சாட்சி வரலாறு, செசிலியா என்னும் உயர்குடி மங்கை வலேரியானுஸ் என்பாரை மணந்து, கன்னிமை காத்து, கணவரையும் அவர் உடன்பிறந்தார் திபூர்த்தியுஸையும் தம் சமயத்திற் சேர்த்து உயிர்துறந்தார் எனக் கூறும். இவ்வரலாற்றில் எவ்வளவு நிகழ்ந்தது, எவ்வளவு புனைந்தது என்பதில் ஆய்வாளரிடை ஒருமைப்பாடு இல்லை. நமக்கு வேண்டுவது கதையின் போக்கே. செசிலியாவைக் காக்கும் வானவரை வலேரியானுஸ் முதலிற் காணமாட்டார். திருமுழுக்குப் பெற்றபின் காண்கிறார். வானவர் கொணர்ந்த மாலைகளில் ரோசாவும் லில்லியும் உள; திபூர்த்தியுஸ் அவற்றின் மணத்தை உணர்வார், மலரைக் காணார்; பின்னர்க் காண்பார். காணாமை காண்டலாய் மாறுதலே கதையின் அடிநாதம். வலேரியானுஸ் திருமுழுக்குப் பெறச் செல்லுமிடம் அப்பியுஸின் சாலையில் மூன்றாம் மைற்கல் என அவ்வரலாறு குறிக்கிறது. பார்வையிழந்தவர் அமைத்த சாலை. கைக்கிலியா மெத்தெல்லா உறங்கும் இடம். இதனைத் தற்செயல் என்றே கொள்ளல் வேண்டும் என எண்ணுகிறேன். எனினும் அப்பக்கத்து நிலவறைக் கல்லறைகளில் கைக்கிலியுஸ் குடியினரின் கல்வெட்டுக்களை 19ஆம் நூற்றாண்டில் தெ ரோசி கண்டறிந்தமையின், குடிப்பெயருக்கும் இடத்திற்கும் உறவு இல்லையெனத் தள்ளுதற்கும் இயலாது. தாமசு கானலி என்பார் 1994இல் வெளியிட்ட நூலில், உரோமில் செசிலியாவின் கோயில் அமைந்த பகுதியில் கண்ணோய் தீர்க்கும் பெண்தெய்வ வழிபாடு முன்னர் இருந்ததைச் சுட்டி, பெயரின் 'பார்வையின்மை'க்கும் வழிபாட்டிற்கும் தொடர்பு காண முயன்றார்.

13ஆம் நூற்றாண்டில் யாக்கோபுஸ் தெ வொராஜினே தாம் தொகுத்த 'பொன் வரலாறு' என்னும் நூலில் இப்பெயர்க்கு ஐந்து விளக்கங்கள் தருகின்றார். வானத்தின் லில்லி என்பது ஒன்று. பார்வையற்றோர்க்கு வழி என்பது மற்றொன்று. வானமும் லேயா என்னும் விவிலியப் பெண்ணும் சேர்ந்தது, பார்வையின்மை இல்லாதவள், வானமும் மக்களும் சேர்ந்தது என்பன ஏனையவை. ஆங்கிலப் புலவர் சாசர் தம் கந்தர்பரிக் கதைகளுள் இரண்டாம் கன்னியாத்திரி கூறும் கதையின் முன்னுரையில் இவற்றைப் பாட்டாக்கினார். மொழிநூல் நோக்கில் இவ்வைந்தும் பிழை. வானத்தைக் குறிக்கும் இலத்தீன் சொல்லின் இடையில் லகரம் உளது, ககரமில்லை. ஐந்தாவது விளக்கமோ இலத்தீன் சொல்லொடு கிரேக்கச் சொல்லைப் பிணைக்கிறது.

பிழை என்று கூறி விடுதல் எளிது. யாக்கோபுஸ் வேரை அறியாதவர் அல்லர்; ஐந்தனுள் இரண்டு 'கைக்குஸ்' என்னும் பகுதியையே கொண்டுள்ளன. அவர் அப்பகுதியை ஏற்றுக்கொண்டு அதற்கு எதிர்மறை கூட்டினார், அல்லது வழி என்னும் சொல்லைச் சேர்த்தார். அவர் செய்தது சொற்பிறப்பு ஆராய்ச்சி அன்று. ஒரு வாழ்க்கையைப் பெயருக்குள் படித்தல். லில்லி மாலையும், பார்வை பெறுதலும், அப்பியுஸின் வழியும் ஆகிய கதைக்கூறுகள் அவ்விளக்கங்களில் ஒவ்வொன்றாய் வந்து அமைதலைக் காணலாம். இடுகுறியை மீண்டும் காரணப் பெயராக்கும் இம்முயற்சியை நம் உரையாசிரியர் சிலரிடத்தும் காண்கிறோம். அவரை நகைத்துவிட்டு, வேர்ப்பொருளை மட்டும் எழுதும் இக்காலப் பெயர்நூலாரை அறிவியலார் எனப் போற்றுதல் நடுநிலையாகாது. யாக்கோபுஸ் பெயரைத் தாங்கினவரை அறிந்து பொருள் கூறினார். பெயர்நூலார் தாங்கினவர் ஒருவரையும் நோக்காது கூறுகின்றனர்.

இன்று செசிலியா எனின் மேனாட்டார் நினைவுக்கு முதலில் வருவது இசை. நவம்பர் 22 அவர் திருநாள். இசைவாணர்க்குக் காவலர் அவர். இப்பொருள் ஒரு சொற்றொடர் குறைந்தமையாற் பிறந்தது என்பது வியப்பானது. மண நாளில் இசைக்கருவிகள் முழங்கிக்கொண்டிருக்கையில் செசிலியா தம் உள்ளத்துள் இறைவனொருவனுக்கே பாடினார் என்பது பழைய வரலாறு. அஃதாவது, புறத்திசையை அவர் செவிமடுத்திலர். அவ்வாசகம் வழிபாட்டுப் பாடலாய்ச் சுருக்கப்பெற்றபோது 'உள்ளத்துள்' என்னும் பகுதி விடுபட்டது. விடுபடவே, கருவிகள் முழங்க அவரும் பாடினார் என்றாயிற்று. கருவி எனப் பொதுவாய்ப் பொருள்படும் இலத்தீன் சொல் ஆர்கன் என்னும் ஒன்றனுக்குச் சிறப்புப்பெயராய்ச் சுருங்கியிருந்தமையின், அவரே ஆர்கன் வாசித்தார் எனக் கொள்ளப்பட்டது. இசையைக் கேளாதிருந்தவர் இசைக்குத் தலைவியானார்! 1585இல் உரோமில் போப்பு ஐந்தாம் சிக்ஸ்துஸ் ஏற்படுத்திய இசைவாணர் கழகம் அவர் பெயரொடு விளங்குகிறது. திரைடன் அவர் திருநாளுக்கு 1687லும் 1697லும் பாடிய பாடல்கள் இரண்டிற்கும் பின்னர் ஹாண்டல் இசையமைத்தார். ஓவியர் ரபேல் ஒருவர் பழைய பொருளை மறவாதிருந்தார் போலும். பொலோஞா நகரில் உள்ள அவர் ஓவியத்தில் செசிலியா சிறு ஆர்கனைத் தலைகீழாய்த் தாழ்த்திப் பிடித்திருக்கின்றார்; அதன் குழல்கள் நழுவுகின்றன; பிற கருவிகள் அடியில் சிதைந்து கிடக்கின்றன; அவர் விழி மேனோக்கி வானவர் பாட்டில் நிலைத்துளது.

பெயர் பரவிய வழிகளுட் சிலவற்றைச் சுருங்கக் கூறுவல். 1066இல் இங்கிலாந்தை வென்ற வில்லியமின் மகளொருவர் செசிலியா. நார்மானியரொடு இப்பெயர் ஆங்கிலத்தில் நுழைந்து 'சிசிலி' எனத் திரிந்தது. மத்தியதரைக் கடலின் சிசிலித் தீவுக்கும் இதற்கும் உறவில்லை. தீவின் பெயர் அங்கு வாழ்ந்த பழங்குடியின் பெயர். 'சீலியா' என்பது இதன் குறுக்கமாய் வழங்கினும் உண்மையிற் கைலியுஸ் என்னும் வேறொரு குடியின் பெயர். ஆண்பாற் பெயராய் வழங்கும் 'சிசில்' என்பதும் மயக்கம் தருவதே. அப்பெயரைப் பரப்பிய ஆங்கிலப் பிரபுக் குடும்பத்தின் பெயர் வேல்சு மொழியின் 'செய்சில்து' என்பதினின்று வந்தது. அதற்கு மூலம் ஆறாவது என்னும் எண்ணடியாகப் பிறந்த இலத்தீன் பெயர் என்பர். ஒலியொப்புமை ஒன்றையே துணையாகக் கொண்டால் இம்மூன்றையும் ஒரே வேரில் முடிந்துவிடுவோம்.

அயர்லாந்தில் நார்மானியர் வழிப் புகுந்த வடிவம் ஐரிசு ஒலிமரபுக்கு இயைந்து 'ஷீல' என்றாயிற்று. அதனை ஆங்கிலேயர் 'ஷீலா' என எழுதினர். ஆஸ்திரேலியரின் பேச்சுவழக்கில் அப்பெயர் பொதுப்பெயராகவே மாறி, பெண் என்னும் பொருளைத் தந்தது. குடிப்பெயராய்த் தொடங்கி, தனிப்பெயராகி, இறுதியிற் சாதிப்பெயரான அதன் செலவு இலக்கணம் கற்பார்க்கு இனிய பாடம்.

இந்நாட்டில் இக்கிளைகள் இரண்டும் வந்து கூடியுள்ளன. போர்த்துகேசியர் வழியும் பின்னர் ஏனை ஐரோப்பியர் வழியும் வந்த செசிலியா, செசிலி, சிசிலி என்னும் வடிவங்கள் தமிழ்க் கிறித்தவக் குடும்பங்களில் வழங்குகின்றன. 'ஷீலா' என்பதோ ஈண்டு முன்னரே வேரூன்றிய ஒலியோடு ஒன்றிவிட்டது. ஒழுக்கத்தைக் குறிக்கும் 'சீல' என்னும் வடசொல்லினின்று தோன்றிய சீலா, ஷீலா என்னும் பெயர் இந்துக் குடும்பங்களிலும் உண்டு. ஆங்கிலப் பள்ளி வழியாய் அயர்லாந்துப் பெயரைக் கேட்டு இட்டவரும் உளர். வடமொழிப் பெயரெனக் கருதி இட்டவரும் உளர். இரண்டும் ஒன்றென நினைத்து மகிழ்ந்து இட்டவரும் இருத்தல் கூடும். பள்ளிப் பதிவேட்டில் 'ஷீலா' என்று மட்டும் எழுதப்பட்டிருப்பின், அதன் வேர் ஒழுக்கமா கைக்கிலியுஸ் குடியா என எழுத்தைக் கொண்டு எவரும் கூறமுடியாது. மக்கட்பெயர் தொகுக்கப் புகும் ஆராய்ச்சி மாணாக்கர் பெயரை எழுதிக்கொள்வதோடு அமையாது, இட்டவர் யார், யாரை நினைந்து இட்டனர் என்பதனையும் வீட்டாரைக் கேட்டு எழுதிக்கொள்ளல் வேண்டும். மேற்கூறிய மாணவியிடம் நானும் அவ்வாறே கேட்டேன். தேவாலயப் பாடற்குழுவிற் பல்லாண்டு பாடிய பாட்டியின் பெயர் தமக்கு இடப்பட்டது என்றார்.